உயிரோடிருப்பவளுக்கு ஒரு ஃபிளெக்ஸ்

என் மனைவி இறந்துபோன செய்தி எனக்கு டீக்கடையில்தான் தெரியவந்தது.

போன செவ்வாய்க்கிழமை காலை. செல்லூரில் எங்கள் தெருமுனைக் கடை. டீயை நீட்டிய மாஸ்டர், கிளாஸோடு என் கையையும் சேர்த்துப் பிடித்துக்கொண்டார்.

"அண்ணே... அண்ணி தவறிட்டாகளா? ஒரு வார்த்தை சொல்லலையே! எப்பண்ணே?"

எனக்கு எப்படித் தெரியும்? முந்தாநாள்கூட அவள் வாட்ஸ்அப்பில் புரொஃபைல் போட்டோ மாற்றியிருந்தாள்.

மாஸ்டர் எதிரே கையைக் காட்டினார். டிரான்ஸ்ஃபார்மர் பக்கத்தில் பத்தடி உயரத்தில் ஒரு ஃபிளெக்ஸ் பேனர். "பத்தாம் வகுப்பில் பள்ளியில் முதலிடம் பெற்ற எங்கள் குலவிளக்கு தாரணியை வாழ்த்துகிறோம்." நடுவில் என் மகள். மகளைவிடப் பெரிதாக, கைகூப்பியபடி என் அண்ணன்! தெரு நலச் சங்கச் செயலாளர் இல்லையா... பரீட்சை எழுதியதே அவர்தானோ என்று பார்ப்பவர்களுக்குச் சந்தேகம் வரும்.

மதுரைக்காரர்களுக்கு ஃபிளெக்ஸ் இலக்கணம் சொல்லித்தர வேண்டுமா? காதுகுத்தோ கல்யாணமோ, கீழ்வரிசை இருப்பவர்களுக்கு, மேல்வரிசை செத்தவர்களுக்கு. வட்டத்துக்குள் முகம், இரண்டு பக்கமும் குத்துவிளக்கு, 'ஆசியுடன்' என்று ஒரு வரி. அங்கே எங்கள் அப்பா, எங்கள் அம்மா... அவர்களுக்கு நடுவே என் மனைவி. எங்கள் கல்யாண ஆல்பத்திலிருந்து வெட்டியிருந்தார்கள். மாலை ஏற்கெனவே கழுத்தில் இருந்ததால் டிசைனருக்கு வேலை மிச்சம். ஓரத்தில் என் தோள்பட்டை கொஞ்சம் ஒட்டிக்கொண்டிருந்தது.

அவள் திருப்பூரில் ஒரு பனியன் கம்பெனியில் சூப்பர்வைசர். சௌக்கியமாக இருக்கிறாள். எங்களுக்குள் ஒத்துவரவில்லை, நாலு வருடத்துக்கு முன் கிளம்பிப் போனாள். மகள் என்னோடு தங்கிவிட்டாள். முதலில் மகளுக்கு வாராவாரம் போன் வந்தது. அப்புறம் மாதம் ஒன்று. இப்போது பொங்கலுக்கும் தீபாவளிக்கும் மட்டும். ரிசல்ட் வந்த அன்றும் போன் இல்லை. அதை நியாயப்படுத்த நான் இங்கே வரவில்லை.

அண்ணன் வீட்டுக்குக் கிளம்பினேன். தாரணியும் வந்தாள். டியூஷனுக்குப் போகிற வழியில் அவளும் ஃபிளெக்ஸைப் பார்த்துவிட்டிருந்தாள்.

"என்னண்ணே இது? உசுரோட இருக்கவளைப் போயி..."

"உக்காருடா" என்றார் அண்ணன். "ஓடிப்போனவ பொண்ணுன்னா நாளைக்கு எவன்டா பொண்ணு கேட்டு வருவான்? தாயில்லாப் பிள்ளைன்னா ஊரே உச்சுக்கொட்டும். நான் எம்புட்டு யோசிச்சுப் பண்ணிருக்கேன்... நீ சண்டைக்கு வார!"

கவனித்தீர்களா? கட்டினவனோடு வாழப் பிடிக்காமல் போனால் அசிங்கம். செத்துப்போனால் கௌரவம். பதினைந்து வயசுப் பிள்ளை பரீட்சையில் ஜெயித்ததற்கு, அதன் கல்யாணத்துக்குத் தோதாக ஒரு கொலை! இதற்குப் பெயர் அக்கறையாம். போன வருடம் இதே பிள்ளை டெங்குவில் பத்து நாள் படுத்துக்கிடந்தபோது இந்த அக்கறை எந்தச் சங்கக் கூட்டத்தில் உட்கார்ந்திருந்ததோ!

சரி, நான் மட்டும் என்ன கிழித்தேன்? சொல்ல வெட்கமாக இருக்கிறது. "விடும்மா... காத்து மழையில ரெண்டு நாள்ல கிழிஞ்சிரும்" என்று மகளிடம் முணுமுணுத்தேன். மாஸ்டர் துக்கம் விசாரித்தபோதே எனக்குள் ஒரு நிம்மதி எட்டிப்பார்த்தது. 'வீட்ல எங்க, ஊருக்குப் போயிருக்காகளா?' என்று இனி எவனும் கேட்கமாட்டான் அல்லவா? அண்ணன் கொலைகாரர் என்றால் தம்பி கோழை. நல்ல குடும்பம்!

தாரணிதான் பேசினாள்.

"எங்கம்மா செத்தா மொதல்ல எனக்குத்தான பெரியப்பா சொல்லணும்?"

அண்ணன் சிரிக்கப் பார்த்தார். "அதில்லடா தங்கம், சும்மா ஒரு பேருக்கு..."

"நாலு வருசமா அவங்க மேல எம்புட்டுக் கோவத்த வச்சிருக்கேன் தெரியுமா? ஏன் என்னைய விட்டுப் போனே, ரிசல்ட்டுக்குக்கூட ஏன் கூப்பிடலைன்னு நேர்ல நின்னு கேக்கணும். நீங்க பாட்டுக்கு வெளக்கேத்தி வச்சுட்டீங்க. செத்தவங்ககிட்ட எப்படி சண்டை போடுறது? கும்பிடத்தான் முடியும். எனக்குக் கும்பிட வேணாம்."

அவள் அழவில்லை. எனக்குத்தான் கண் கலங்கிவிட்டது.

அண்ணன் செயலாளர் ஆயிற்றே... உடனே ஒரு சமரசத் திட்டம். "அப்ப அவளைக் கீழ்வரிசைக்கு எறக்கிருவமா?"

"எறக்க வேணாம். மொத்தமாக் கழட்டிருங்க."

"அப்ப என் போட்டோவும் போயிருமேம்மா!"

அவர் கவலை அவருக்கு.

நானே ஏணி போட்டு ஏறினேன். தாரணி கீழே நின்று பிடித்துக்கொண்டாள். கயிற்றை அறுக்கும்போது பாதித் தெரு வேடிக்கை பார்த்தது. என்ன விஷயம் என்று கேட்ட ஒவ்வொருவரிடமும் சத்தமாகவே சொன்னேன்: "அவ சாகல. திருப்பூர்ல இருக்கா. எங்கள விட்டுட்டுப் போயிட்டா." நாலு வருடத்தில் அதை நான் வாய்விட்டுச் சொன்னது அன்றுதான்.

அண்ணன் இப்போது என்னோடு பேசுவதில்லை. குடும்ப மானத்தை நடுத்தெருவில் வைத்து அறுத்துவிட்டேனாம். போகட்டும்.

கொஞ்சுவதற்குத்தான் என் மகளுக்கு அம்மா வாய்க்கவில்லை... கோபப்படவாவது ஒருத்தி இருந்துவிட்டுப் போகட்டுமே!