மேல் கம்பிகள்

குச்சியால் ஒரு தட்டு, தலையைச் சாய்த்துக் கொஞ்ச நேரம், பிறகு சாவியால் அரைத் திருகு. ஞாயிற்றுக்கிழமை தேவாலயப் பூசை முடிந்து வந்ததும் வெண்டலின் நூற்றுச் சொச்சம் கம்பிகளையும் இப்படித்தான் சுருதி சேர்ப்பார். மேசைமேல் கிடத்தித் தட்டி வாசிக்கும் அந்த ஹாக்பிரெட்டின் பக்கத்தில் காப்பி ஆறிக் கிடக்கும். வார நாட்களில் மலை ரோப்காருக்கு மின்பழுது பார்க்கும் வேலை. அங்கேயும் மோட்டாரில் காதை வைத்துத்தான் கோளாறு சொல்வார்.

அவருடைய இசைக்குழுவில் மூன்று பேர். தங்கை கிரெசென்ஸ் ஆளுயர வயலின் போன்ற பாஸ் வாசிப்பாள். அவள் கணவன் காசியன் அக்கார்டியன். பள்ளத்தாக்கில் அவர்கள் வாசிக்காத கல்யாணம் குறைவு. வேகமாக வாசிக்கச் சொல்லும் மாப்பிள்ளைகளிடம், "ஆடறதுக்கு வாசிக்கிறோம் தம்பி, ஓடறதுக்கு இல்ல" என்பார் வெண்டலின்.

போன வருடம் காசியன் சுருதி பார்க்கும் மின்கருவி ஒன்றை வாங்கி வந்தான். "என் காதுக்கு ஊன்றுகோலா?" என்று கேட்டு அதை இழுப்பறையில் போட்டுவிட்டார்.

செப்டம்பர் திருவிழாவில் ஆடியவர்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். யாரோ சிரித்தார்கள். வெண்டலின் வழக்கமான உற்சாகத்தோடு வாசித்து முடித்தார். மேடைக்குப் பின்னால் காசியன் சொன்னான்: "மச்சான், மேல் கம்பியெல்லாம் சுருதி விட்டுப் போயிருக்கு. இன்னிக்கு நேத்து இல்ல, ஒரு வருஷமா."

அவர் தங்கையைப் பார்த்தார். "உனக்கும் தெரியுமா?"

"தெரியும்ணே. எப்படிச் சொல்றதுன்னுதான்..."

மேல் ஸ்தாயி கேட்கும் திறன் போய்விட்டது, இனி வராது என்றார் டாக்டர். அவர் தந்த காதுக் கருவியை மாட்டிக்கொண்டு வாசித்தால் கரண்டிகள் தரையில் கொட்டியதுபோல இருந்தது. ஒரு வருடமாகத் தான் கேட்டது வாத்தியத்தை அல்ல, தன் ஞாபகத்தை என்பது அப்போதுதான் அவருக்கு உறைத்தது. ரோப்கார் அலுவலகமும் அவரை டிக்கெட் ஜன்னலுக்கு மாற்றியது.

அக்டோபரில் காசியனின் மகளுக்குக் கல்யாணம். நகரத்து இசைப்பள்ளி ஆசிரியை யூடித்தை வாசிக்கக் கூப்பிட்டார்கள். வெண்டலின் தன் வாத்தியத்தையே கொடுத்தனுப்பினார். வேண்டாம் என்று கிரெசென்ஸ் எவ்வளவோ சொல்லியும் கேட்கவில்லை. கல்யாணத்துக்குக் காதுக் கருவி இல்லாமல்தான் வந்தார். சுவரோரம் உட்கார்ந்து, இரண்டு குச்சிகளும் போய்வருவதையே பார்த்துக்கொண்டிருந்தார். பக்கத்தில் இருந்த ரொட்டிக்கடைக்காரர் குனிந்து, எப்படி வாசிக்கிறாள் என்று உரக்கக் கேட்டார்.

"சுத்தமா வாசிக்கிறா" என்றார் வெண்டலின்.

பாட்டு முடிந்தது. அவர் கண்களை மூடிக்கொண்டு கைதட்டினார். கூடம் தட்டி ஓய்ந்தது, நாற்காலிகளில் இருந்தவர்கள் அவரைத் திரும்பிப் பார்த்தார்கள். அவர் தட்டிக்கொண்டே இருந்தார். கிரெசென்ஸ் பாஸைச் சுவரில் சாய்த்துவிட்டு இறங்கி வந்து, அவருடைய இரண்டு கைகளையும் சேர்த்துப் பிடித்துக்கொண்டாள்.