இறக்கியர் மரபில் ஒரு பிழை

இறக்கியர் என்கிற கூட்டத்தாரை நான் பஸ்ஸில் உட்கார்ந்துதான் உண்டாக்கினேன். எனக்கு வீடு ஸ்ரீவில்லிபுத்தூரில், மடவார் வளாகத்துப் பக்கம். வேலை ராஜபாளையத்தில் ஒரு நூற்பாலையின் சோதனைக் கூடத்தில். நூலின் தடிமனையும் பலத்தையும் நாள் முழுக்க அளந்து எழுதுவேன். போகவும் வரவும் பஸ்ஸில் கிடைக்கிற நேரத்தில் கைப்பேசியில் ஒரு கதைச் செயலிக்குத் தொடர் எழுதிக்கொண்டிருந்தேன்.

கதை ஒரு மலைநாட்டில் நடக்கிறது. அங்கே பிறக்கிற ஒவ்வொரு குழந்தையின் தோளிலும் ஒரு கூழாங்கல் ஒட்டியிருக்கும். ஆள் வளர வளரக் கல்லும் வளரும். பெரிய கல்லைச் சுமப்பவரே பெரிய மனிதர் என்பது அரண்மனையின் கொள்கை. அதை மறுத்தவர்கள்தான் இறக்கியர். கல் நம் உடம்பல்ல, பழக்கத்தால் ஒட்டியிருக்கிறது என்பார்கள். பொழுது சாயும்போது அதைத் தரையில் இறக்கி வைத்து ஏழு மூச்சு விடலாம். அப்படி இறக்கியவரை ஓடுகாலி என்று யாரும் சொல்லக் கூடாது. அவ்வளவுதான் அவர்கள் தத்துவம். துறவு இல்லை, மோட்சம் இல்லை. ஏழு மூச்சு முடிந்ததும் கல்லைத் தூக்கிக்கொண்டு வீட்டுக்குப் போய் உலை வைக்க வேண்டும்.

பெரிதாக யோசித்து எழுதவில்லை. அசதியில் எழுதியது. அந்த வருஷம் மாமியாருக்கு அடுத்தடுத்து இரண்டு கண்ணிலும் ஆபரேஷன். மகளுக்குப் பிளஸ் டூ. கணவருக்குத் திருப்பூரில் வேலை, மாதம் ஒருமுறை வருவார். பஸ்ஸில் கம்பியைப் பிடித்து நின்றபடியே தூங்கிவிடுவேன். யாராவது என்னிடமிருந்து எல்லாவற்றையும் ஏழு மூச்சு நேரத்துக்கு வாங்கி வைத்துக்கொண்டால் போதும் என்றிருந்தது.

ஆனால் படித்தவர்கள் அதைப் பிடித்துக்கொண்டார்கள். எந்தச் சித்தர் மரபிலிருந்து எடுத்தீர்கள் என்று ஒருவர் கேட்டார். ஏழு மூச்சின் உட்பொருள் என்ன என்று இருவர் கருத்துப் பகுதியில் சண்டை போட்டார்கள். ஒன்றுமில்லாததற்கு உட்பொருள் கண்டுபிடிக்கிறார்களே என்று சிரிப்பு வந்தது. உள்ளுக்குள் கொஞ்சம் பெருமையும் இருந்தது.

அப்போதுதான் அந்தக் குரல் பதிவு வந்தது.

“மேடம், நான் தளவாய்புரத்துலேர்ந்து பேசுதேன். நைட்டி தைக்கிற வேல. எட்டு மாசமா ஒங்க கதையப் படிக்கேன். சாயங்காலம் மிசின நிறுத்திட்டு ஏழு மூச்சும் விடுதேன். ஒரே ஒரு சந்தேகம். எறக்கி வைக்கிறது ஒரு ஆளா இருந்தா என்ன செய்யணும்?”

கும்பிடுகிற கைப் படம் ஒன்றை அனுப்பிவிட்டு வேலையைப் பார்க்கப் போனேன். இரண்டு நாள் கழித்து அதே கேள்வி மறுபடி வந்தது. “அக்கா, அது வெறும் கதைதானே” என்று எழுதினேன். உடனே பதில் வந்தது: “ஞாயித்துக்கெழம ஒருக்கா வந்துட்டுப் போங்க. என்னால வீட்ட விட்டு நகர முடியாது.”

இரக்கப்பட்டுப் போனேன் என்று சொல்ல மாட்டேன். எரிச்சலில் போனேன். நேரில் ஒருமுறை சொல்லிவிட்டால் தொல்லை விடும் என்று நினைத்தேன்.

இரண்டு அறை வீடு. முன்னறையில் மோட்டார் பொருத்திய தையல் மிஷின், வெட்டிய நைட்டித் துணிகளின் குவியல், ஜன்னலை ஒட்டி ஒரு கட்டில். கட்டிலில் அந்த அக்காவின் மகள் படுத்திருந்தாள். இருபத்திரண்டு வயது. பிறந்ததிலிருந்து நடந்ததில்லை, பேசியதில்லை. அக்காவுக்கு என்னைவிட ஏழெட்டு வயது கூட இருக்கும். கணவர் இறந்து ஆறு வருஷமாம். என்னைப் பார்த்ததும் மேடம் தங்கச்சியாகிவிட்டது.

நான் உட்கார்ந்ததும் சொல்லிவிட்டேன். “அக்கா, இறக்கியர்னு யாருமே கிடையாது. நான் பஸ்ஸுல வரும்போது சும்மா கட்டினது.”

“அது எனக்குத் தெரியாதா? நான் என்ன பச்சப்புள்ளயா?” அவர் முகம் சுண்டிவிட்டது. “கட்டுனதுல ஒரு தப்பு இருக்கு. அதச் சொல்லத்தான் வரச் சொன்னேன்.”

“என்ன தப்பு?”

“ரோட்டோரம் சுமதாங்கிக் கல்லு பாத்திருக்கீகளா? ரெண்டு கல்ல நட்டு மேல ஒண்ணப் படுக்கப் போட்டிருப்பாக. ஏன் தோள் ஒசரத்துல இருக்கு? தரையில எறக்குனா தனியாளாத் திரும்பத் தூக்க ஏலாது. கைகொடுக்க ஒரு ஆள் வேணும். ஒங்க ஆளுக அம்புட்டுப் பேரும் தரையில எறக்குதாக. பொறவு எப்படித் தூக்குவாக?”

பேசும்போதும் அவர் கால் பெடலை மிதித்துக்கொண்டே இருந்தது. அவர் விடவில்லை.

“நான் ஏழு மூச்சு விடும்போது இவள யாரு பாக்கா? மூணாவது மூச்சுலயே அழுதிருதா. மிசின் சத்தம் நின்னா இவளுக்கு ஆகாது. கதையில வார கல்லு அழாது தங்கச்சி.”

கையிலிருந்த நைட்டியைத் தைத்து முடித்தார். பிறகு அவர், தண்ணீர் கேட்கிற மாதிரி சாதாரணமாகக் கேட்டார்: “செத்த நேரம் கண்ண மூடிக்கிடவா? இருப்பீகளா?”

தலையாட்டினேன். மகளைப் புரட்டிப் படுக்க வைக்கும் விதத்தையும், ஸ்பூனால் தண்ணீர் கொடுக்கும்போது கழுத்துக்குக் கீழே கை வைக்க வேண்டியதையும் காட்டிவிட்டு உள்ளறைக்குப் போனார். பாயை விரித்த சத்தம் கேட்டது. அதற்குமேல் ஒரு சத்தமும் இல்லை.

ஐந்து நிமிஷத்தில் மகள் சிணுங்கத் தொடங்கினாள். நான் மிஷின் முன்னால் உட்கார்ந்து, நூலைக் கழற்றிவிட்டு, துணியில்லாமல் பெடலை மிதித்தேன். அவள் முகம் தெளிந்தது. காலை எடுத்தால் சிணுங்கினாள், மிதித்தால் சிரித்தாள். ஆறு நாள் ஆலைச் சத்தத்தில் இருந்துவிட்டு ஏழாவது நாளும் ஒரு மிஷினை வெறுமனே ஓட்டிக்கொண்டிருந்தேன். முதல் ஒரு மணி நேரம் என்னைப் பற்றி எனக்கு நல்ல எண்ணம் இருந்தது. இரண்டாவது மணியில் கெண்டைக்கால் வலித்தது. வீட்டில் ஊறப்போட்ட துணி ஞாபகம் வந்தது. அக்காவைப் போய் உலுக்கி எழுப்பலாமா என்று இரண்டு முறை எழுந்தேன். தண்ணீர் கொடுத்தபோது பாதி தலையணையில் கொட்டியது. அவள் அதற்கும் சிரித்தாள்.

மூன்று மணி நேரம் கழித்து, வெயில் இறங்கியபின் அக்கா வந்தார். கன்னத்தில் பாயின் கோடுகள் பதிந்திருந்தன.

“எழுப்பியிருக்கக் கூடாதா?” என்று கோபப்பட்டார். பிறகு மகளின் வாயைத் துடைத்துவிட்டு, “கனவுகூட வரல” என்றார். நன்றி எதுவும் சொல்லவில்லை. நான் எதிர்பார்த்தேன் என்பதும் உண்மை.

அடுத்த வாரம் கதையைத் திருத்தினேன். இறக்கியருக்குள் ஒரு தையற்காரி எழுந்து, கல்லைத் தரையில் வைக்காதே, பக்கத்தில் நிற்பவர் தோளில் வை, அவருக்கு முறை வரும்போது நீ நில் என்று வாதாடினாள். மரபு இரண்டாக உடைந்தது. வாசகர்களுக்குப் பிடிக்கவில்லை. ஆழமான தத்துவத்தை ஆள்மாற்றி வேலை பார்க்கிற கணக்காக்கிவிட்டீர்கள் என்று ஒருவர் எழுதினார். சித்தர் மரபு என்று கேட்டவர் படிப்பதையே நிறுத்திவிட்டார். நான் மாற்றவில்லை.

தளவாய்புரத்துக்கு எட்டு ஒன்பது ஞாயிற்றுக்கிழமைகள் போயிருப்பேன். போனதும் அக்கா தூங்குவார், நான் மிஷின் ஓட்டுவேன். நாங்கள் பேசியதே குறைவு. அப்புறம் ஆலையில் வார விடுமுறையை மாற்றினார்கள். மாமியார் குளியலறையில் வழுக்கி விழுந்தார். இரண்டு வாரம் தட்டிப்போனபின், இனி வர முடியாது என்று வெட்கத்தோடு ஒரு குரல் பதிவு அனுப்பினேன்.

“சரி தங்கச்சி,” என்று பதில் வந்தது. பின்னால் மிஷின் சத்தம் கேட்டது. “அடுத்த தெருவுல ஒரு மதினி வியாழக்கெழம தோறும் வாரேன்னிருக்கா. நீங்க ஒங்க அத்தையப் பாருங்க.”

முதல் இரண்டு வியாழக்கிழமைகள் அந்த மதினி வந்ததாகச் சொன்னார். மூன்றாவது வாரம் நான் கேட்கவில்லை. வரவில்லை என்று சொல்லிவிட்டால் என்ன செய்வது என்று எனக்குத் தெரியவில்லை.