எண்ணாத மூச்சு

அவசர சிகிச்சைப் பிரிவின் வாசலில் போட்டிருக்கும் முதல் மேஜைக்கு இருபத்திரண்டு வருஷமாக ஓர் ஆண் நர்ஸ்தான் ராஜா. உள்ளே வருகிறவர்களில் யார் உடனே படுக்கைக்குப் போக வேண்டும், யார் நாற்காலியில் காத்திருக்கலாம் என்று பிரித்து அனுப்புவது அந்த மேஜையின் வேலை. ரத்த அழுத்தத்துக்கு ஒரு மெஷின், காய்ச்சலுக்கு ஒரு மெஷின், நாடிக்கும் ஆக்சிஜனுக்கும் விரலில் மாட்டுகிற கிளிப். மெஷின் காட்டும் எண்ணை அந்த ஆண் நர்ஸ் அப்படியே காகிதத்தில் இறக்கிவிடுவார். மெஷின் காட்டாதது ஒன்றே ஒன்றுதான். நிமிஷத்துக்கு எத்தனை மூச்சு என்பதை மனிதன்தான் எண்ண வேண்டும். வாயை மூடிக்கொண்டு, ஒரு கண் நெஞ்சிலும் ஒரு கண் கடிகாரத்திலுமாக, முழுசாக ஒரு நிமிஷம். நம்மவருக்கு அதற்கெல்லாம் ஏது பொறுமை? எல்லோருக்கும் பதினெட்டு என்று போட்டுவிடுவார்.

ஓடி வந்தவனுக்கும் பதினெட்டு, தூக்கி வரப்பட்டவனுக்கும் பதினெட்டு. ஒருமுறை பிறந்து பத்து நாளான குழந்தைக்கும் அதையே போட்டு, பிரிவு முழுக்கச் சிரிப்பாய்ச் சிரித்தது. பிறந்த குழந்தை அதைப்போல இரண்டு மடங்கு மூச்சு விடும் என்பது கூட்டிப் பெருக்குகிற அம்மாவுக்குக்கூடத் தெரியும். அன்று முதல் முதுகுக்குப் பின்னால் அவருக்குப் பெயர் பதினெட்டார். அவர் காதிலும் விழுந்தது. வெட்கப்பட்டாரா என்றால், அதுதான் இல்லை. ஏதோ பட்டம் கொடுத்த மாதிரி மீசையைத் தடவிக்கொண்டார்.

சும்மா சொல்லக்கூடாது, ஆள் சோம்பேறி இல்லை. சோம்பேறியாக இருந்திருந்தால் மன்னித்துவிடலாம். இவருக்கு இருந்தது தலைக்கனம். "நாம பாக்காத கேஸா? படியேறி வர்ற நடையைப் பாத்தே சொல்லிடுவேன்," என்பார். அவர் கணக்கில் நோயாளிகள் மூன்றே ரகம். நடிக்கிறவர்கள், பயந்து சாகிறவர்கள், வீட்டில் சண்டை போட்டுக்கொண்டு வந்தவர்கள். நிஜமாகவே ஆபத்தில் இருப்பவர்களைத் தூக்கிக்கொண்டுதான் வருவார்களாம், அது பார்த்த உடனே தெரிந்துவிடுமாம். அப்படியென்றால் பிரித்து அனுப்ப ஒரு மேஜையும் அதற்கு ஒரு நாற்காலியும் அதில் தான் ஒருவரும் எதற்கு என்ற கேள்வி மட்டும் அவருக்கு வந்ததே இல்லை.

நடிக்கிறவர்களில் முதல் இடம் அவருடைய சொந்த அக்காவுக்கு. அப்பா போன பிறகு தையல் மெஷினை மிதித்து மிதித்து, இவரைப் படிக்க வைத்து, இந்த வெள்ளைச் சட்டையைப் போட வைத்தவள். அத்தனை வருஷம் மிதித்த முட்டி வலிக்காமல் என்ன செய்யும்? அவள் போன் பண்ணி வலியைச் சொல்ல ஆரம்பித்தால், இவர் போனை மேஜையில் வைத்துவிட்டுப் போய் முகம் கழுவிக்கொண்டு வருவார். வந்து ஒரு "ம்" போடுவார். போன மாதம் மட்டும் என்ன நல்ல மனசோ, வைத்தியமே சொன்னார். "வலி மாத்திரை ஒண்ணு போடற இடத்துல ரெண்டா போட்டுக்க. என் உயிரை வாங்காத."

அந்த அக்கா ஒரு நாள் காலை பதினொரு மணிக்கு, மகளின் தோளைப் பிடித்துக்கொண்டு மேஜைக்கு எதிரே வந்து நின்றாள்.

"தம்பி, ரெண்டு நாளா மூச்சு வாங்குதுடா."

"ஏன், மாடிப்படி ஏறுனியா?"

"படுத்திருந்தாலும் வாங்குது."

"கட்டில்லேருந்து எழுந்து கதவு வரைக்கும் வர முடியல மாமா அம்மாவால," என்றாள் மகள்.

"உங்கம்மாவை எனக்குத் தெரியாதா? பொறந்ததுலேருந்து பாக்கறேன்."

ரத்த அழுத்தம் பரவாயில்லை. கிளிப் தொண்ணூற்றெட்டு காட்டியது. நாடி நூற்றுப் பன்னிரண்டு. நடந்து வந்திருக்கிறாள், போதாக்குறைக்குப் பயம், வேறென்ன என்று அதையும் தள்ளிவிட்டார். மூச்சுக்கான கட்டத்துக்கு வந்ததும் பேனா தானாகவே பதினெட்டு போட்டது. கைக்கெட்டும் தூரத்தில் அக்கா வாயைத் திறந்து மூச்சுக்குத் தவித்துக்கொண்டிருந்தாள். தலையை நிமிர்த்தியிருந்தால் போதும். நிமிர்த்தவில்லை. சொந்தக்காரி என்று முதலில் உள்ளே விட்டுவிட்டார் என்று நாலு பேர் சொல்லிவிடக் கூடாதே என்ற நேர்மை வேறு அன்றைக்குப் பார்த்துப் பொத்துக்கொண்டு வந்தது. "அங்க போய் உக்காரு. கூப்பிடுவாங்க," என்று நாற்காலி வரிசையைக் காட்டினார்.

ஒரு மணி நேரம் அப்படியே போயிற்று. குழந்தைகள் வார்டிலிருந்து மாற்றலாகி வந்திருந்த நர்ஸம்மா அந்தப் பக்கமாகப் போனார். குழந்தைகள் வார்டில் மூச்சை எண்ணாமல் ஒரு வேலையும் நடக்காது. அவருக்கு அது பழக்கமாகவே ஆகியிருந்தது. அக்காவின் எதிரே நின்றார், மணிக்கட்டைத் திருப்பிக் கடிகாரத்தைப் பார்த்தார், ஒரு நிமிஷம் பேசாமல் எண்ணினார். முப்பத்திரண்டு. ஸ்ட்ரெச்சரைக் கொண்டுவரச் சொல்லி ஒரு சத்தம் போட்டார்.

பணியிலிருந்த டாக்டருக்கு வயது குறைவு, ஆனால் கெட்டிக்காரப் பெண். காகிதத்தை வாங்கிப் பார்த்தார். பதினொரு மணிக்குப் பதினெட்டு, பன்னிரண்டு மணிக்கு முப்பத்திரண்டு. "ஒரே மணி நேரத்துலயா? உக்காந்த இடத்துலயேவா?" என்று பதறினார். உட்கார்ந்திருப்பவருக்குத் திடீரென்று மூச்சு இப்படி ஏறினால், நுரையீரலில் ரத்தக் கட்டி போய் அடைத்துக்கொண்டதோ என்றுதான் எந்த டாக்டரும் முதலில் பயப்படுவார். "ரெண்டு நாளாவே இப்படித்தான் டாக்டர்," என்று மகள் சொன்னதை யாரும் காதில் போட்டுக்கொள்ளவில்லை. அழுதுகொண்டிருக்கும் பெண்ணை நம்புவார்களா, இருபத்திரண்டு வருஷ அனுபவம் கையெழுத்துப் போட்ட காகிதத்தை நம்புவார்களா?

"ஸ்கேனுக்குச் சொல்லிடுங்க. அது வரைக்கும் காத்திருக்க முடியாது, ரத்தம் உறையாம இருக்கற ஊசி இப்பவே போடணும்," என்றார் டாக்டர்.

நம்மவர் திரையோரமாக நின்றிருந்தார். பெரிய விளக்கின் கீழே அக்காவின் முகத்தை அப்போதுதான் பார்த்தார். உதடு வெளுத்துப் போயிருந்தது. இரண்டு நாள். இரண்டிரண்டு மாத்திரை. வலி மாத்திரை வயிற்றைப் புண்ணாக்கும், புண்ணிலிருந்து ரத்தம் கசியும், கசியக் கசிய உடம்பில் ரத்தம் குறைந்து மூச்சு வாங்கும். அந்த வயிற்றோடு இருக்கிறவளுக்கு இந்த ஊசியைப் போட்டால் குழாயைத் திறந்துவிட்ட கதைதான். இதெல்லாம் தெரியாத மனிதர் இல்லை. தெரிந்தேதான் மரமாக நின்றார். சொல்ல வேண்டியதெல்லாம் ஒரே வார்த்தை, நான் எண்ணவில்லை என்று. சொன்னால் மேஜை போய்விடும், மீசையும் போய்விடும். அக்காவின் உயிர் பெரிதா தன் கௌரவம் பெரிதா என்று அந்தப் பெரிய மனிதர் யோசித்துக்கொண்டிருக்க, குப்பியிலிருந்து ஊசிக்குள் மருந்து ஏறிக்கொண்டிருந்தது.

"டாக்டர், அந்த எண்ணு கொஞ்சம் முன்னே பின்னே இருக்கலாம்," என்றார்.

"எவ்வளவு முன்னே பின்னே?"

"ஒண்ணு ரெண்டு..."

அந்த நேரத்திலும் ஒன்று இரண்டாம்! நர்ஸம்மா ஊசியோடு குனிந்தார்.

"ஐயோ, வேண்டாம், போட்டுடாதீங்க! நான் எண்ணவே இல்ல டாக்டர்! வரும்போதே இப்படித்தான் மூச்சு வாங்கிட்டு வந்தா!"

பிரிவே திரும்பிப் பார்த்தது. டாக்டர் நர்ஸம்மாவின் கையைப் பிடித்து நிறுத்தினார். அக்காவின் கண் இமையைக் கீழே இழுத்துப் பார்த்தார். உள்ளே சிவப்பே இல்லை.

"மாத்திரை ஏதாவது சாப்பிடறீங்களாம்மா?"

"முட்டி வலிக்கு... ரெண்டு ரெண்டா."

"வெளிய போறது என்ன நிறத்துல இருக்கு?"

அக்காவுக்குக் கூச்சம். "கறுப்பா... மூணு நாளா," என்று மெதுவாகச் சொன்னாள்.

ஊசி தட்டுக்குத் திரும்பியது. ரத்த வங்கிக்கு ஆள் ஓடியது, இரண்டு கையிலும் டிரிப்ஸ் ஏறியது. ரத்தம் ஏற்றினால் தேறிவிடுவார், வயிற்றை நாளைக்குக் குழாய் விட்டுப் பார்த்துக்கொள்ளலாம் என்று மகளிடம் சொல்லிவிட்டு, டாக்டர் இவர் பக்கம் திரும்பினார்.

"இன்னைக்கு மட்டும்தான் எண்ணலையா பிரதர், இல்ல எப்பவுமேவா?"

படியேறும் நடையைப் பார்த்தே எல்லாம் சொல்லிவிடுகிறவர் காகிதத்திலிருந்த பதினெட்டையே பார்த்துக்கொண்டு நின்றார். சுற்றி நின்ற நர்ஸுகள் தரையைப் பார்த்தார்கள். இத்தனை நாள் சிரித்துவிட்டுச் சும்மா இருந்தவர்கள்தானே அவர்களும்.

சொந்தக்காரி என்று பார்க்காமல் உட்கார வைத்ததற்காகத் தம்பியை ஏசுகிறார்கள் போலிருக்கிறது என்று அக்கா நினைத்துக்கொண்டாள். அவளால் அதைத் தாங்க முடியவில்லை. இரண்டு வார்த்தைக்கு ஒரு மூச்சாக இழுத்து இழுத்துப் பேசினாள்.

"அவனைத் திட்டாதீங்கம்மா... ஆள் பாத்துச் செய்யறவன் இல்ல... என் தம்பி. அக்காவுக்கு ஒண்ணு... அடுத்தவங்களுக்கு ஒண்ணுன்னு... அவனுக்கு வராது. எனக்கு என்ன செஞ்சானோ... அதையேதான்... எல்லாருக்கும் செய்வான்."

டாக்டர் கண்ணாடிக் கதவுக்கு வெளியே, நாற்காலி வரிசையில் காத்திருந்த பதினான்கு பேரையும் பார்த்துக்கொண்டிருந்தார்.