டயரில் இடித்த கல்

பாலக்கோடு பக்கத்தில் எங்களுக்குத் தக்காளித் தோட்டம் இருக்கிறது. அதற்குப் போகும் வண்டிப்பாதையை என் பங்காளி முள்வேலி போட்டு அடைத்துவிட்டார். பாதை எங்களுக்கும் உண்டு என்று கோர்ட்டில் தீர்ப்பானது. அப்படியும் அவர் விடவில்லை. மறுபடி மனு போட்டு, போலீஸ் பாதுகாப்போடு வேலியை எடுக்க உத்தரவு வாங்கினேன்.

குறித்த நாளில் போலீசும் சர்வேயரும் வந்தார்கள். பாதையோரம் இருக்க வேண்டிய சர்வே கல்லைச் சர்வேயர் தேடினார். காணோம்.

"அந்தக் கல்லுல இவங்க வூட்ல துணி தொவைக்கிறாங்க சார்!" என்றார் பங்காளி.

டிராக்டர் டயரில் இடிக்கிறதென்று அதைப் பெயர்த்து வீட்டுக்குக் கொண்டுபோனது நான்தான்.

"சர்வே கல்லப் புடுங்குனா உம்மேலயே கேசு போடலாம்யா, தெரியுமா?" என்றார் எஸ்.ஐ.

நல்லவேளையாகச் சர்வேயர் வரைபடத்தை வைத்து அளந்து இடத்தைக் கண்டுபிடித்தார். வேலியை எடுத்தார்கள். சோப்பு வாசனை போகாத கல்லை அதே டிராக்டரில் ஏற்றிவந்து, எல்லோர் எதிரிலும் நானே நட்டேன்.

இப்போது அதைச் சுற்றித்தான் டிராக்டரை ஓட்டுகிறேன். பொங்கலுக்கு வெள்ளையடிக்கும்போது முதல் சுண்ணாம்பு வீட்டுக்கு இல்லை, அந்தக் கல்லுக்குத்தான்.