அம்மாவின் முகம் வராத படம்

பிள்ளைகளா, நம் தாராவி வீட்டுக்குள் ஒரு தடவை படப்பிடிப்பு நடந்திருக்கிறது. அப்போது எனக்கு எட்டு வயது.

வந்த டைரக்டர் மாட்டுங்காக்காரர், தமிழர்தான். பாட்டும் சண்டையும் இல்லாத மூன்று படங்கள் எடுத்துவிட்டு, அந்தச் சமயம் டிவிக்கு இந்தியில் ஒரு தொடர் எடுத்துக்கொண்டிருந்தார். செட் போடமாட்டார், விளக்கு வைக்கமாட்டார், நடிகர்களைப் பவுடர்கூடப் பூசவிடமாட்டார். இட்லி வியாபாரம் செய்யும் வீடு ஒன்று வேண்டுமென்று எங்கள் சந்துக்கு வந்தவர், கேமரா இல்லாமல் நாலு நாள் எங்கள் வாசற்படியில் சும்மா உட்கார்ந்து பார்த்தார். அதற்குள் அப்பா கரிபிடித்த சுவருக்கு வெள்ளையடிக்கச் சுண்ணாம்பு கரைத்துவிட்டார். வாளியைப் பார்த்ததும் டைரக்டர் பதறிப்போனார்.

"இந்தக் கரிக்காகத்தானே வந்தேன்! தயவுபண்ணி அடிச்சுடாதீங்கோ."

அப்பாவுக்குச் சம்மதம். அம்மாதான் முடியாது என்றாள். "ஊர்ல எங்க அண்ணன் டிவிப்பொட்டி வாங்கியிருக்காவ. தங்கச்சி இங்கன சொகமா இருக்கான்னு நெனச்சிட்டிருக்காவ. நான் இட்லி அவிச்சு விக்கியதப் பாத்தாவன்னா அழுதுட்டே ரயில் ஏறிருவாவ."

டைரக்டர் ஆட்டுக்கல்லைக் காட்டினார். "முகமே வேண்டாம்மா. முதுகைக் காமிச்சுண்டு மாவாட்டுங்கோ, போறும்."

"முதுக எவன் பாப்பான்?" என்று அம்மா சிரித்துவிட்டாள்.

மத்தியான வெயில் கதவு வழியாக விழுந்தபோது படம் பிடித்தார்கள். அரை மணி நேரத்தில் அம்மா கேமராவையே மறந்துபோனாள். ஆனால் நான் பள்ளிக்கூடம் முழுக்க 'எங்கம்மா டிவியில் வரப்போறா' என்று பீற்றியிருந்தேன். வெறும் முதுகு எனக்குப் போதவில்லை.

"எம்மா! பால் பொங்குது!"

"எங்கலே?" என்று அம்மா திரும்பினாள். முழங்கைவரை மாவு, நெற்றியில் ஒரு மயிர்க்கற்றை, பாதிக் கோபம். "வாஹ்!" என்றார் கேமராக்காரர். இப்படி ஒன்று இனிமேல் கிடைக்காது என்று இந்தியில் டைரக்டரிடம் திரும்பத் திரும்பச் சொன்னார்.

அம்மாவின் முகம் செத்துப்போயிற்று. "ஐயா, இது வந்துருமா?"

"வராதும்மா."

பெரியவர்கள் சும்மா சமாதானத்துக்குச் சொல்வதாக்கும் என்று நான் சந்தோஷமாகவே இருந்தேன்.

தொடர் ஒளிபரப்பான அன்று சந்து முழுக்க ஒரே வீட்டு டிவி முன்னால் கூடியிருந்தது. ஆட்டுக்கல் சுற்றியது. அம்மாவின் முதுகு தெரிந்தது. பிறகு என் குரல்! அம்மாவின் தோள் லேசாகத் திரும்பியது. டக்கென்று அடுத்த காட்சி. ஏதோ ஒரு பஸ் போயிற்று.

"என்னலே, ஒங்கம்மைக்கு மூஞ்சியே இல்லியா?" என்று பையன்கள் சிரித்தார்கள். தொழில் தெரியாத ஆள் என்று நான் டைரக்டரைத் திட்டித் தீர்த்தேன்.

பக்கத்தில் இருந்த அம்மா நீளமாக மூச்சு விட்டாள். கண் கலங்கியிருந்தது. பாவம், அவளுக்கும் ஏமாற்றம்தான் என்று நினைத்து, அவள் கையைப் பிடித்துக்கொண்டு, "விடும்மா, அடுத்த தடவை நல்ல டைரக்டரா வருவாரு" என்று ஆறுதல் சொன்னேன்.