கஞ்சியில் ஒரு விரல்

கல்யாணமாகி சேவூருக்கு வந்த புதிதில், நான் சோறு வடிக்கும்போதெல்லாம் மாமியார் அடுப்படிக்கு வந்து நின்றுவிடுவார். வடித்த கஞ்சியில் விரலைத் தொட்டு நாக்கில் வைப்பார். பிறகு கஞ்சிச் சட்டியைத் தூக்கிக்கொண்டு போய்விடுவார். சோற்றை ஒரு பருக்கைகூட ருசி பார்த்ததில்லை.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. புருஷனை முந்தானையில் முடிந்துகொள்ள மருமகள் சோற்றில் மருந்து வைத்த கதைகள் சேத்துப்பட்டில் எங்கள் தெருவிலேயே எத்தனை! என்னையா அப்படி நினைக்கிறார்? "சோத்துல உப்பு வாணாம்" என்று முதல் நாளே சொன்னாரே, அதிலும் ஏதோ இருக்கிறது என்று தோன்றியது. அவர் இருமினால்கூட எனக்குச் சந்தேகம்தான்.

ஒருநாள் அவர் தன் அக்கா வீட்டுக்குப் போயிருந்தார். அப்பாடா! போனில் ஒரு வீடியோ பார்த்து அரிசியை ஊறவைத்து, கொதிக்கும் தண்ணீரில் உப்பும் எண்ணெயும் விட்டு, பதமாக வேகவைத்து வடித்தேன். ஒன்றோடொன்று ஒட்டாமல் பொலபொலவென்று, வெள்ளை வெளேரென்று வந்தது. கணவர் இரண்டாம் முறை கேட்டு வாங்கிச் சாப்பிட்டார். கஞ்சியை வழக்கமான சட்டியில் ஊற்றி வைத்தேன். பக்கத்து வீட்டு மாட்டுக்குத்தானே போகிறது என்று நினைப்பு.

மறுநாள் காலை, எங்கள் வீட்டுத் தறியில் ஏற்ற வேண்டிய பட்டுப் பாவு நூலைத் தெருவில் நீளமாக இழுத்துக் கட்டியிருந்தார்கள். அக்கா வீட்டிலிருந்து திரும்பியிருந்த மாமியார் அந்தச் சட்டியோடு வந்தார். விரலைத் தொட்டு நாக்கில் வைத்தார். முகம் சுளித்து, அவ்வளவையும் சாக்கடையில் கொட்டினார்.

"நான் மருந்து வெச்சிட்டேன்னுதான பாக்கறீங்க அத்தை? வாயத் தெறந்து சொல்லுங்க!" தெருவே கேட்கக் கத்திவிட்டேன்.

பாவு நூலைப் பிடித்துக்கொண்டிருந்தவர்கள் எல்லாரும் திரும்பினார்கள்.

"இன்னாம்மா பேசிகினு கீற? உப்பு கீதான்னு பாத்தேன். உப்புக் கஞ்சி போட்டா பாவு பிசுபிசுன்னு பூடும். இதுல எண்ண வேற மெதக்குது, பட்டு கறையாயிடும்." சட்டியைக் கீழே வைத்தார். "மருந்தா?"

அந்த வார்த்தையை அன்றுதான் முதல்முறை கேட்பவர்போல் மெதுவாகச் சொன்னார். நூல் விறைப்பாக நிற்கத் தெருவில் யார் பாவுக்குக் கஞ்சி போட்டாலும் எங்கள் வீட்டுக் கஞ்சி போகுமாம். ஒருவர்கூட என்னிடம் சொல்லவில்லையே!

இப்போது உப்பில்லாமல்தான் வடிக்கிறேன். மாமியார் அடுப்படிக்கு வருவதில்லை, கஞ்சியில் விரலும் வைப்பதில்லை. ஆனால் சாப்பிட உட்கார்ந்தால், நான் முதல் வாய் சோற்றை விழுங்கும்வரை அவர் தன் தட்டில் கை வைப்பதில்லை.