வெறுங்கேமராவில் விழுந்த சிரிப்பு

பேய், ஆவி எதையும் நான் நம்பினவன் இல்லை. சுடுகாட்டு வழியாக வேன் ஓட்டியிருக்கிறேன், ஹாரன்கூட அடித்ததில்லை. நாலு பேர் முன்னால் பேசவே கூச்சப்படுகிறவன் நான், இதை ஜோடித்துச் சொல்லும் சாமர்த்தியமெல்லாம் எனக்குக் கிடையாது. ஆனாலும் நீங்கள் நம்பமாட்டீர்கள், தெரியும்.

ஐம்பதுகளின் கடைசியில், டாக்குமெண்டரி எடுக்கிற ஒரு கேமராக்காரருக்குத் திருச்சியில் வேன் ஓட்டினேன். ஸ்ரீரங்கம் படித்துறை, பாலக்கரைக் கடைகள் என்று சுற்றினோம். அவர் விளக்குப் போடமாட்டார், யாரையும் நடிக்கச் சொல்லமாட்டார். எங்கே போனாலும் முதல் நாள் பிலிம் போடாமலே கேமராவை ஓடவிடுவார். ஜனங்களுக்கு அது சலித்துப்போக வேண்டும், மறுநாள்தான் நிஜப் படம்.

மண்ணச்சநல்லூர் அரிசி ஆலைக்குப் போனோம். அங்கே களத்தில் அவித்த நெல்லைக் காலால் கிளறிக் காயவைப்பவர்களில் என் அம்மாவும் ஒருத்தி. அம்மாவுக்கு ஒரு போட்டோகூடக் கிடையாது. என் கல்யாணத்திலேயே போட்டோக்காரரைக் கண்டதும் சமையல்கட்டில் ஒளிந்தவள். இந்தப் படத்திலாவது அவள் முகம் விழவேண்டும் என்று எனக்கு ஒரே ஆசை.

முதல் நாள், வெறுங்கேமரா. உச்சிவெயிலில் வாட்ச்மேன் மூன்று டம்ளர் மோர் கொண்டுவந்தார்.

"நாங்க ரெண்டு பேருதாண்ணே."

"மூணுன்னுல்ல எண்ணினேன்" என்று ஒன்றை கேமராப் பெட்டிமேல் வைத்துவிட்டுப் போனார்.

சாரும் நானும் களத்தின் அந்தக் கோடியில், வேன் நிழலில் நின்று குடித்தோம். கேமரா இந்தப் பக்கம் தன்பாட்டுக்கு ஓடியது. அப்போது அம்மா சிரித்தாள் பாருங்கள், வயிற்றைப் பிடித்துக்கொண்டு, நெல்மேலேயே உட்கார்ந்துவிட்டாள்!

சார் தலையில் கைவைத்தார். "போச்சே! பிலிம் இல்லையே டிரைவர்!"

பிலிம் எல்லாம் வேனில், பூட்டிய பெட்டியில். சாவி என் இடுப்பில்.

மறுநாள் பிலிம் போட்டதும் அம்மா முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டு கம்பமாக நின்றாள். "என்னக்கா, சினிமா ஸ்டார் ஆயிட்டியா, காலே நகரமாட்டேங்குது?" என்று பக்கத்தில் இருந்தவள் கேலி பண்ணினாள்.

"ஒரே ஒரு தடவை சிரிக்கச் சொல்லுங்க சார்" என்று கெஞ்சினேன்.

"சொல்லி வர்றது அவங்க சிரிப்பு இல்லப்பா" என்று முடித்துவிட்டார்.

சில மாதம் கழித்து, கொட்டகையில் பெரிய படத்துக்கு முன்னால் அதைப் போட்டார்கள். அம்மாவையும் கூட்டிப்போயிருந்தேன். நம்பினால் நம்புங்கள், திரை முழுக்க அம்மா சிரிக்கிறாள், அதே சிரிப்பு! கொட்டகையே சேர்ந்து சிரித்தது. கூச்சமெல்லாம் எங்கே போனதோ, எழுந்து நின்று "எங்கம்மா! எங்கம்மா!" என்று கத்தினேன். அவளுக்குப் பின்னால், தூரத்தில், வேன் நிழலில் சாரும் நானும் மோர் குடிக்கிறோம்.

சாரிடம் போய்க் கேட்டேன். "சத்தியமா நான் பிலிம் போடல. நெகட்டிவ்ல இருந்துச்சு, வச்சுக்கிட்டேன்" என்றார். "என் படத்துலயே அதுதான்யா நல்ல ஷாட்!"

அம்மாவைக் கேட்டேன், "அன்னிக்கு எதுக்கும்மா அப்படிச் சிரிச்சே?"

"கேமராகிட்ட உங்க கூட்டாளி நின்னாரே, தலையில துண்டைப் போட்டுக்கிட்டு, என்னை மாதிரியே காலை இழுத்து இழுத்து நடந்து காட்டினாருடா. சிரிக்காம என்ன பண்றது?"

இன்றும் அதைச் சொல்லி வீட்டில் எல்லாரும் சிரிக்கிறோம். நானும்தான். ஆனால் அந்த முதல் நாள் சாயங்காலம் கேமராப் பெட்டியை வேனில் ஏற்றும்போது மேலே இருந்த மோர் டம்ளர் காலி. சார் குடித்திருப்பார் என்று நினைத்தேன். நான் குடித்திருப்பேன் என்று அவர் நினைத்தாராம்.